விற்காத கார் யார் தலையில்?

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். அமெரிக்காவில் கார் விற்கும் முறை மாறிவருவது பற்றி உங்கள் பத்திரிகையில் வந்த கட்டுரையை என் தங்கை படம் பிடித்து அனுப்பியிருந்தாள். "இது உன் கதைதானே அக்கா" என்று கீழே ஒரு வரி. ஆலைகளைப் பற்றி எழுதியதெல்லாம் சரிதான். ஆனால் கடைசிப் பத்தியில், டீலர் என்ற இடைத்தரகர் ஒழிந்து கம்பெனியே நேராக விற்க ஆரம்பித்தால் அவர் தின்கிற காசு வாங்குகிறவருக்கு மிச்சமாகும் என்று போகிறபோக்கில் எழுதிவிட்டுப் போயிருக்கிறார் கட்டுரையாளர். அந்த இடைத்தரகரின் கடையில் 25 வருடம் கணக்கு எழுதியவள் நான். அதனால்தான் இந்தக் கடிதம். நீளமாகப் போனால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

டீலருக்கு வக்காலத்து வாங்க வரவில்லை. அவர்கள் செய்கிற அழிச்சாட்டியம் எனக்கு உள்ளிருந்தே தெரியும், அதையும் சொல்கிறேன். ஆனால் அவரைத் தரகர் என்பது தப்பு. தரகர் சொந்தக் காசைப் போட மாட்டார். நாலு வீட்டைக் காட்டுவார், முடிந்தால் கமிஷன், முடியாவிட்டால் ஒரு டீயோடு போய்விடுவார். டீலர் அப்படி இல்லை. அவர் கடையில் நிற்கும் ஒவ்வொரு காரும் அவர் பெயரில் வாங்கிய கடன்.

மிச்சிகன் மாநிலத்தில், கார் கம்பெனிகளின் ஊரான டெட்ராய்ட் பக்கம் நான் வந்தது 1996இல். என் வீட்டுக்காரர் கார் சீட் செய்யும் கம்பெனி ஒன்றில் இன்ஜினியர். நான் ஊரில் பி.காம். முடித்தவள். 1999இல் வேலை செய்ய அனுமதி கிடைத்ததும் நகரத்துக்கு மேற்கே ஒரு டீலர் கடையில் பகுதி நேரமாகச் சேர்ந்தேன். எந்தக் கம்பெனி கார் என்று சொல்லப்போவதில்லை. ஜெனரல் மோட்டார்ஸ், ஃபோர்டு, க்ரைஸ்லர் என்ற டெட்ராய்ட்டின் மூன்று பெரிய கம்பெனிகளில் ஒன்று, அவ்வளவுதான். என் வேலைக்கு டைட்டில் கிளார்க் என்று பெயர். டைட்டில் என்றால் காரின் உரிமைத் தாள். காருக்கு ஆலையிலிருந்து பிறப்புச் சான்றிதழ் மாதிரி ஒரு தாள் வரும். வாங்குகிறவர் கையெழுத்துப் போட்டதும் அந்தத் தாளோடு விண்ணப்பம், வரி எல்லாம் சேர்த்து மாநில அலுவலகத்துக்கு அனுப்பி அவர் பெயருக்கு மாற்ற வேண்டும். கூடவே இன்னொரு வேலையும் உண்டு. கார் விற்ற சில நாட்களுக்குள், அந்தக் காருக்காகக் கடை வாங்கியிருந்த கடனை அடைக்க வேண்டும்.

ஃப்ளோர் பிளான் என்பார்கள் அந்தக் கடனை. ஆலை வாசலைத் தாண்டி லாரியில் கார் ஏறியதுமே கம்பெனியின் புத்தகத்தில் அது விற்ற கார். பணம் வந்தாயிற்று, வரவு வைத்தாயிற்று. பணம் கொடுத்தது யார்? பெரும்பாலும் கம்பெனியின் சொந்த நிதி நிறுவனம், இல்லையென்றால் ஒரு வங்கி. யார் பெயரில்? டீலர் பெயரில். ஜெனரல் மோட்டார்ஸ் இதற்கென்றே 1919இல் தனி நிதி நிறுவனம் தொடங்கியது. அன்றிலிருந்து இன்றுவரை சூத்திரம் ஒன்றுதான்.

கணக்காகச் சொன்னால்தான் புரியும். 40,000 டாலர் கார், 8 சதவீத வட்டி என்று வையுங்கள். ஒரு நாளைக்கு 8 டாலர் 77 சென்ட். லாட்டில், அதாவது கடையின் கார் நிறுத்தும் திடலில், 200 கார் நின்றால் நாளொன்றுக்கு 1,753 டாலர். கடை திறந்தாலும் மூடினாலும், பனி கொட்டினாலும், கிறிஸ்துமஸ் வந்தாலும் அது ஓடும். முதல் சில வாரங்களுக்குக் கம்பெனி கொஞ்சம் கைகொடுக்கும். அதற்கப்புறம் டீலர் பாடு. காலையில் கணினியைத் திறந்ததும் நான் முதலில் பார்ப்பது, எந்தக் கார் எத்தனை நாளாக நிற்கிறது என்ற பட்டியலைத்தான். 30 நாள், 60 நாள், 90 நாள். 120ஐத் தாண்டிய காரின் பக்கம் எங்கள் முதலாளி திரும்பவே மாட்டார், கல்யாணமாகாத பெண்ணை வீட்டில் வைத்திருக்கும் அந்தக் காலத்து அப்பா மாதிரி.

கடன் கொடுத்தவர்கள் மாதம் ஒரு முறை சொல்லாமல் கொள்ளாமல் ஆள் அனுப்பிக் கார்களை எண்ணுவார்கள். ஒரு பிப்ரவரி எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. முந்தின ராத்திரி முழங்கால் அளவு பனி. லாட்டில் கார் என்று ஒன்றும் தெரியவில்லை, வெள்ளை மேடுகள்தான் வரிசையாக. வந்த ஆள் கையில் பட்டியல். காரின் சேஸிஸ் எண், கண்ணாடிக்கு அடியில் ஓட்டுநர் பக்க ஓரத்தில் இருக்கும். ஒவ்வொரு கண்ணாடியாக நான் பனியை வழிக்க, அவர் குனிந்து கடைசி எட்டு இலக்கங்களைப் படித்து டிக் அடிக்க, மூன்று மணி நேரம். கையுறைக்குள் விரல் இருக்கிறதா என்றே தெரியவில்லை. கடைசியில் ஒன்று குறைந்தது. என் வயிறு கலங்கிவிட்டது. விற்ற காரின் கடனை அடைக்காமல் பணத்தை வேறு எதற்காவது புரட்டினால், கடையையே இழுத்து மூடிவிடுவார்கள் இந்த ஊரில். அப்புறம் பார்த்தால், சேல்ஸ்மேன் ஒருவர் ஒரு பல் டாக்டருக்கு வார இறுதிக்கு ஓட்டிப் பார்க்கக் கொடுத்தாராம், எழுதி வைக்க மறந்துபோனாராம். டாக்டர் வீட்டு வாசலில் போய் எண்ணைப் படித்துவிட்டுத்தான் அந்த மனிதர் கிளம்பினார்.

இதெல்லாம் எனக்குப் புதிதாகவும் இல்லை. என் அப்பா ஊரில் உரக்கடை வைத்திருந்தார். யூரியா கேட்டால் கம்பெனிக்காரர், "இதையும் பத்து மூட்டை எடுத்துக்குங்க அண்ணாச்சி" என்று போகாத சரக்கு ஒன்றைச் சேர்த்துத் தலையில் கட்டிவிட்டுப் போவார். அந்த மூட்டைகள் மேல்தான் நானும் தங்கையும் உட்கார்ந்து படித்தோம். இங்கே வந்து பார்த்தால் அதே கதை. எல்லோரும் கேட்கிற பிக்கப் டிரக் பத்து வேண்டுமா? யாரும் சீந்தாத சிறிய கார் ஐந்தையும் எடு. மாதக் கடைசியில் கம்பெனியின் வட்டார மேலாளர் போனில் பேசும் தோரணையைக் கேட்டால் போதும், எனக்கு அப்பா ஞாபகம் வந்துவிடும்.

சரி, கம்பெனி ஏன் விற்காத காரைச் செய்துகொண்டே இருந்தது? கட்டுரையாளர் தொடாமல் விட்ட இடம் இதுதான். என் வீட்டுக்காரரின் வேலையைப் பார்த்தால் இந்த விஷயம் இன்னும் வினோதமாகத் தெரியும். அவர்கள் செய்த சீட்டுகள் கார் ஆலைக்குப் பக்கத்திலேயே தயாராகும். இன்ன நிறக் கார், அதற்குப் பின்னால் இன்ன கார் என்று ஆலையில் வரிசை ஓடும். அதே வரிசையில் சீட்டுகளும் லாரியில் ஏறி, சில மணி நேரத்துக்குள் போய்ச் சேர வேண்டும். முன்னாலேயே போனால் இறக்கி வைக்க இடமில்லை, பிந்திப் போனால் அபராதம். ஜப்பான்காரர்களிடம் கற்ற வித்தை. ஹோண்டா 1982இல் ஓஹாயோவின் மேரிஸ்வில்லில் கார் செய்ய ஆரம்பித்தது. 1984இல் கலிஃபோர்னியாவின் ஃப்ரீமான்ட்டில் டொயோட்டாவும் ஜெனரல் மோட்டார்ஸும் ஒரே ஆலையை நடத்தின. அதைப் பார்த்துத்தான் டெட்ராய்ட்டும் உதிரி பாகத்தைக் குவித்து வைப்பது பாவம் என்று பாடம் படித்தது.

பாடத்தில் பாதியைத்தான் படித்தார்கள். ஆலைக்கு உள்ளே வரும் சீட்டுக்கு அரை நாள் இடம் கிடையாது. ஆலையிலிருந்து வெளியே போகும் முழுக் காருக்கு மட்டும் மூன்று மாதத்துக்கு இடம் உண்டு, எங்கள் லாட்டில், எங்கள் வட்டியில். ராத்திரி சாப்பிடும்போது இதை என் வீட்டுக்காரரிடம் சொல்வேன். "ஆலைக்குள் சரக்கு தேங்கவில்லை என்று நீங்கள் கை தட்டிக்கொள்கிறீர்கள், தேங்கியதெல்லாம் என் ஜன்னலுக்கு வெளியில் நிற்கிறது." அவர் ரசத்தை ஊற்றிக்கொண்டே சிரிப்பார். 2008 டிசம்பரில் அவர் வேலை போனபோதுதான் அந்தச் சிரிப்பு நின்றது.

ஆலையை நிறுத்தினாலும் செலவு நிற்காது என்பதுதான் விஷயம். 1984 தொழிற்சங்க ஒப்பந்தத்திலிருந்து, வேலை இல்லாமல் போனவர்களுக்கும் ஏறக்குறைய முழுச் சம்பளம் கொடுத்து உட்கார வைக்கும் ஏற்பாடு வந்தது. தொழிலாளர்களைக் குறை சொல்ல மாட்டேன். இயந்திரம் வந்து வேலையைப் பிடுங்கிவிடுமோ என்ற பயத்தில் சண்டை போட்டு வாங்கியது அது. ஆனால் கூலியும் இயந்திரக் கடனும் எப்படியும் கொடுத்தாக வேண்டும் என்று ஆனபிறகு, காரைச் செய்து டீலர் தலையில் கட்டுவதுதான் கம்பெனிக்கு லாபமாகத் தெரிந்தது. அந்தக் காலாண்டில் வரவு ஏறும். அடுத்த காலாண்டை அடுத்த காலாண்டில் பார்த்துக்கொள்ளலாம்.

இது இவர்கள் கண்டுபிடித்ததும் இல்லை. ஹென்றி ஃபோர்டே செய்திருக்கிறார். 1919இல் பங்குதாரர்களை வெளியே அனுப்பக் கடன் வாங்கினார். அடுத்த வருடமே நாட்டில் மந்தம் வந்து கார் போகவில்லை. வங்கிகளிடம் கைகட்டி நிற்க அவருக்கு மனமில்லை. கேட்காத கார்களை டீலர்களுக்கு ரயிலில் ஏற்றி அனுப்பினார். வந்ததும் ரொக்கம் கொடு, இல்லையென்றால் டீலர்ஷிப் போகும். டீலர்கள் தங்கள் தங்கள் ஊர் வங்கியில் கடன் வாங்கிக் கட்டினார்கள். வங்கியில் கடன் வாங்காமல் தப்பித்த மேதை என்று ஃபோர்டைப் புகழ்வார்கள். வாங்காமல் இல்லை, ஆயிரக்கணக்கான சின்னக் கடைக்காரர்கள் பெயரில் வாங்கினார்.

க்ரைஸ்லர் இன்னொரு விதம். 1970களில் டீலர் கேட்காத கார்களைச் செய்து தானே நிறுத்தி வைத்துக்கொண்டது. டெட்ராய்ட்டின் மாநிலப் பொருட்காட்சித் திடலில்கூட அந்தக் கார்கள் வெயிலிலும் பனியிலும் நின்றன. மாதக் கடைசியில் டீலர்களைக் கூப்பிட்டுத் தள்ளுபடி விலையில் தள்ளிவிடுவார்கள். டீலர்களும் தேறிவிட்டார்கள். மாதக் கடைசிவரை ஆர்டரே போடாமல் உட்கார்ந்திருப்பார்கள். லீ அயகோக்கா 1978இல் க்ரைஸ்லர் நிர்வாகத்துக்கு வந்து அந்தப் பழக்கத்தை நிறுத்தினார். ஆனாலும் 1980 ஜனவரியில் 150 கோடி டாலர் கடனுக்கு அரசாங்கம் ஜாமீன் நிற்க வேண்டியதாயிற்று. அதைத் தவணைக்கு முன்னாலேயே, 1983இல் அடைத்தார்கள். அவர் போனபிறகு 2006இல் மறுபடியும் அதே திடல், அதே நாடகம்.

கம்பெனியே நேராக விற்கக் கூடாது, டீலரை நினைத்தபோது நீக்கக் கூடாது என்று மாநிலங்கள் போட்ட சட்டங்களைக் கட்டுரையாளர் டீலர்களின் லாபி என்று ஒரே வார்த்தையில் முடித்துவிட்டார். லாபி உண்டு, இல்லையென்று சொல்லவில்லை. ஒவ்வொரு ஊரிலும் பள்ளிக்கூட ஆட்டக்குழுவின் சட்டையில் டீலர் பெயர்தான் இருக்கும், அந்த ஊர் சட்டமன்ற உறுப்பினருக்கு அவரைத் தெரியாமல் இருக்குமா? ஆனால் அந்தச் சட்டங்கள் பிறந்த வயிறு இந்தத் தலையில் கட்டும் பழக்கம்தான். டீலர் கம்பெனி மேல் வழக்குப் போடலாம் என்று மத்திய அரசின் சட்டம் 1956இல் வந்தது. 1958இல் வந்த இன்னொன்று டீலரைக் கட்டுப்படுத்த. காரின் ஜன்னலில் விலைச் சீட்டு ஒட்டியே ஆக வேண்டும் என்பது அது. ஓக்லஹோமா செனட்டர் மன்ரோனியின் பெயரில்தான் அந்தச் சீட்டை இன்னும் கூப்பிடுகிறோம். அதுவரை டீலர் சொன்னதே விலை.

அடுத்து நான் கண்ணால் பார்த்தது. 2001 செப்டம்பரில் நியூயார்க்கின் இரட்டைக் கோபுரங்கள் விழுந்தபிறகு கார் வாங்க ஆளே இல்லை. ஜெனரல் மோட்டார்ஸ் வட்டியில்லாத் தவணை என்று அறிவித்தது, மற்றவர்களும் பின்னாலேயே. கூட்டம் நெரிந்தது. 2005 கோடையில் ஊழியர்களுக்குக் கொடுக்கும் விலையையே ஊருக்கெல்லாம் கொடுத்தார்கள். என் மேஜையில் டைட்டில் தாள்கள் அடுக்கடுக்காகக் குவிந்து, ராத்திரி ஒன்பது மணிவரை வேலை. பக்கத்து மேஜைப் பெண், "இத்தனை பேரும் அடுத்த வருடம் வாங்க வேண்டியவர்கள், இந்த வருடமே வந்துவிட்டார்கள்" என்றாள். சரியாகச் சொன்னாள். விதைநெல்லைக் குத்திச் சாப்பிட்ட மாதிரிதான் அது.

2009இல் நாடு முழுக்க விற்ற வண்டிகள் ஒரு கோடியே நாலு லட்சத்தைச் சுற்றித்தான். 2000இல் அது ஒரு கோடியே எழுபது லட்சத்துக்கு மேல். ஏப்ரல் 30 அன்று க்ரைஸ்லர் திவால் மனு, ஜூன் 1 அன்று ஜெனரல் மோட்டார்ஸ். மே நடுவில் டீலர்களுக்குக் கடிதங்கள் வந்தன. க்ரைஸ்லர் 789 கடைகளை நீக்கியது. மே 14 அறிவிப்பு, ஜூன் 9 கடைசி நாள். நிற்கும் காரைக் கம்பெனி திரும்ப எடுத்துக்கொள்ளாது. உதிரி பாகங்களையும் எடுத்துக்கொள்ளாது. கடன் மட்டும் கடைக்காரர் பெயரில் அப்படியே.

எங்கள் கடைக்குக் கடிதம் வரவில்லை. சாலையில் எங்களுக்கு இரண்டு மைல் தள்ளி இருந்த கடைக்கு வந்தது. அந்தக் கடைக்காரரின் தாத்தா ஆரம்பித்த கடை. அவர் எங்கள் முதலாளியைப் பார்க்க வந்தார். போட்டிக்காரர்கள், நேருக்கு நேர் பேசி நான் பார்த்ததே இல்லை. 40 காரை அடக்க விலைக்கும் குறைத்து எடுத்துக்கொள்ள முடியுமா என்று கேட்டார். எங்கள் முதலாளி 11 எடுத்தார். அதற்குத் தாள் மாற்றியது நான்தான். ஒவ்வொன்றிலும் அந்தப் பெரியவர் கையெழுத்துப் போட வேண்டும். பதினோராவது தாளில் பேனா எழுதவில்லை. என் பேனாவைக் கொடுத்தேன். போட்டுவிட்டு அதைத் தன் சட்டைப் பையில் செருகிக்கொண்டு போய்விட்டார். நானும் கேட்கவில்லை.

டீலர் அதிகம், அதனால் குறைத்தோம் என்றார்கள். ஜெனரல் மோட்டார்ஸுக்கு அப்போது ஆறாயிரத்தை ஒட்டி டீலர்கள், டொயோட்டாவுக்கு ஏறக்குறைய ஆயிரத்து இருநூறு. கணக்கில் நியாயம் உண்டு. ஒரே தெருவில் மூன்று கடை வைத்து ஒருவரை ஒருவர் அடித்துக்கொள்ள விட்டால் யாருக்கும் மிஞ்சாது. ஆனால் அந்த ஆறாயிரம் கடைகளையும் சுமைதாங்கிக் கல்லாக நட்டு வைத்தது யார்? அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரஸ் அந்த டிசம்பரிலேயே நீக்கப்பட்ட டீலர்கள் மத்தியஸ்தத்துக்குப் போக வழி செய்தது, அடுத்த மார்ச்சில் ஜெனரல் மோட்டார்ஸ் 661 கடைகளைத் திரும்பச் சேர்த்துக்கொள்வதாகச் சொன்னது. எங்கள் சாலைக் கடையில் அதற்குள் மெத்தை வியாபாரம் ஆரம்பித்திருந்தார்கள். ஜெனரல் மோட்டார்ஸின் பான்டியாக் என்ற காரே அந்த வருடத்தோடு போனது. பராசக்தி கோயிலுக்கு நாங்கள் போகும் ஊரின் பெயர் அது. இன்று என் பேரனுக்கு அது கோயில் ஊர் மட்டும்தான்.

இனி டீலர்களின் லட்சணம். 2021இல் சிப் தட்டுப்பாடு. ஃபோர்டு, சிப் வராத டிரக்குகளை ஆயிரக்கணக்கில் கென்டக்கியில் ஒரு பந்தயத் திடலில் நிறுத்தி வைத்தது. எங்கள் லாட்டில் 200 நின்ற இடத்தில் ஒன்பது. காலியாகத் தெரியக் கூடாதென்று ஒவ்வொன்றையும் கோணலாக, நாலு கார் இடத்துக்கு ஒன்றாக நிறுத்தினோம். லாரியில் வருவதற்கு முன்னாலேயே கார் விற்றுப்போகும். வட்டி என்ற பேச்சே இல்லை. வருடக்கணக்கில் இவர்கள் ஏங்கிய நிலைமை. என்ன செய்தார்கள்? ஜன்னல் சீட்டுக்குப் பக்கத்தில் இன்னொரு சீட்டு ஒட்டினார்கள், சந்தை நிலவரத்துக்காக என்று 5,000, சில இடங்களில் 10,000 டாலர் கூடுதல். எங்கள் கடையிலும்தான். அந்தச் சீட்டை அச்சடித்தது என் மேஜையிலிருந்த பிரிண்டர். இது போக, கடன் எழுதும் உள் அறை என்று ஒன்று உண்டு. வாங்குகிறவர் களைத்துப்போய்ச் சாவி கிடைத்தால் போதுமென்று உட்கார்ந்திருக்கும்போது, துருப்பிடிக்காத பூச்சு, கூடுதல் வாரன்டி என்று ஒவ்வொன்றாகச் சேர்ப்பார்கள். நம் ஊர்ப் பிள்ளைகள் யாராவது முதல் கார் வாங்கப் போனால் என்னிடம் கேட்டுவிட்டுத்தான் அந்த அறைக்குள் போவார்கள். ஞாயிற்றுக்கிழமை போய்ப் பாருங்கள் என்பேன். எங்கள் பக்கம் ஞாயிறன்று கார் விற்கக் கூடாதென்று 1953இலிருந்து சட்டம். சேல்ஸ்மேன் தொல்லையில்லாமல் விலைச் சீட்டுகளை நிதானமாகப் படிக்கலாம்.

ஆகவே டீலரே இல்லாமல் தானே நேராக விற்கும் டெஸ்லா என்ற மின்சாரக் கார் கம்பெனி வந்தபோது மக்கள் ஏன் சந்தோஷப்பட்டார்கள் என்று எனக்குப் புரியும். ஒரே விலை, பேரமில்லை, உள் அறை இல்லை. கம்பெனி நேராக விற்கக் கூடாது என்ற சட்டத்தை மிச்சிகனில் 2014இல் இறுக்கினார்கள், டெஸ்லா வழக்குப் போட்டது, 2020 ஜனவரியில் சமரசம். அந்தச் சமரசம் ஒரு டைட்டில் கிளார்க்குக்கு நல்ல வேடிக்கை. காரை இங்கேயே கையில் கொடுக்கலாம், ஆனால் உரிமை மாறுவது மட்டும் வேறு மாநிலத்தில் என்று தாளில் இருக்க வேண்டும். தாலி கட்டுவது இங்கே, பதிவு மட்டும் அடுத்த ஊரில்.

சரி, டீலர் இல்லை. விற்காத கார் எங்கே போயிற்று? 2023 ஜனவரியில் டெஸ்லா ஒரே நாளில் விலையைக் குறைத்தது. மாடல் ஒய் லாங் ரேஞ்ச் 65,990 டாலரிலிருந்து 52,990. கட்டுரையாளர் சொன்ன மாதிரி குறைந்ததே என்பீர்கள். குறைந்தது, ஆனால் டீலர் இல்லாததால் அல்ல. டீலர் இல்லாமல்தானே முந்தின நாள்வரை 65,990க்கு விற்றார்கள்! கார் தேங்கியது, குறைத்தார்கள். முந்தின மாதம் வாங்கியவரின் வண்டி மதிப்பும் அதே நாளில் விழுந்தது. டீலர் கடையில் நடந்திருந்தால் அந்த அடியில் பாதி லாட்டில் நிற்கும் காரின் மேல் விழும், டீலர் வயிற்றெரிச்சலோடு போகும். 2024 முதல் காலாண்டில் டெஸ்லா செய்தது 4,33,371, வாடிக்கையாளர் கையில் கொடுத்தது 3,86,810. மிச்சம் 46,000 சொச்சம்.

அவற்றுக்கு அடுத்த வருடம் பிறந்த தம்பிகள் சிலரை என் ஊரிலேயே பார்த்தேன். ஃபார்மிங்டன் ஹில்ஸில் ஹண்டர்ஸ் ஸ்கொயர் என்று ஒரு பழைய கடைத்தொகுதி. 2025 வசந்தத்தில் அதன் வாகன நிறுத்தத்தில் சைபர்ட்ரக் என்ற டெஸ்லா டிரக்குகள் வரிசையாக நின்றன. ஊர் நிர்வாகம், இந்த இடம் வண்டி சேமித்து வைக்க இல்லை, விதிமீறல் என்று இட உரிமையாளரிடம் சொன்னது. காய்கறி வாங்கிவிட்டு வரும் வழியில் நானும் காரை ஓரங்கட்டிப் பார்த்தேன். அவற்றின் எவர்சில்வர் உடம்பின் மேல் மகரந்தம் மஞ்சளாகப் படிந்திருந்தது. என்னையும் அறியாமல் கண்ணாடிக்கு அடியில் எட்டு இலக்கத்தைத் தேடினேன், பழக்க தோஷம். மறுபடியும் காரை நிறுத்த ஒரு திடல். பொருட்காட்சித் திடலிலிருந்து என் வீட்டுக்கு அரை மணி நேரம்தான்.

பழைய கம்பெனிகளும் இந்தக் கனவைக் கண்டன. ஃபோர்டு 2022இல், மின்சாரக் கார் விற்க விரும்பும் டீலர்கள் பேரமில்லாத விலைக்கு ஒத்துக்கொண்டு, சார்ஜர் முதலியவற்றுக்கு ஏறக்குறைய 12 லட்சம் டாலர்வரை போட வேண்டும் என்றது. பல பேர் போட்டார்கள். கார் எதிர்பார்த்த வேகத்தில் போகவில்லை. 2024இல் திட்டத்தையே கைவிட்டு, எல்லா டீலரும் விற்கலாம் என்றார்கள். பள்ளம் தோண்டிச் சார்ஜர் நட்டவரின் கடன் பள்ளத்திலேயே.

நான் ஓய்வு பெற்றதும் அந்த வருடம்தான். அதற்கு முன்னால், ஜூனில், நாடு முழுக்க ஆயிரக்கணக்கான டீலர்கள் உபயோகிக்கும் மென்பொருள் ஒன்றை யாரோ முடக்கிவிட்டார்கள். கடைகள் வாரக்கணக்கில் தத்தளித்தன. சின்னப் பிள்ளைகள் திரையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்க, நான் அலமாரியின் அடித்தட்டிலிருந்து பழைய அச்சிட்ட படிவங்களையும் கார்பன் பேப்பரையும் எடுத்தேன். முதலாளி என் மேஜைக்கே நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டார்.

2025 ஏப்ரலில் வெளிநாட்டுக் கார்களுக்கு 25 சதவீத வரி போட்டார்கள். அந்த வருடம் செப்டம்பரில் புதுக் காரின் சராசரி விலை 50,000 டாலரைத் தாண்டிவிட்டது என்று செய்தி. இதில் டீலர் தின்றது எவ்வளவு, வரி எவ்வளவு, சின்னக் கார் செய்வதை நிறுத்தி எல்லாவற்றையும் டிரக்காக மாற்றியது எவ்வளவு என்று பிரித்துப் போட்டால் கட்டுரையாளருக்கு இன்னொரு கட்டுரை கிடைக்கும். ஃபோர்டு 2018லேயே மஸ்டாங் தவிரச் சாதாரணக் கார்களை இங்கே நிறுத்துவதாகச் சொல்லிவிட்டது. 20,000 டாலருக்குக் கார் கேட்டு இன்று ஒருவர் வந்தால் டீலரும் கையை விரிப்பார், இணையதளமும் கையை விரிக்கும்.

என்னிடம் கேட்டால், கார் ஆர்டர் கொடுத்தபிறகு செய்யப்பட வேண்டும். உட்காரும் சீட்டுக்கு முடிகிறது, காருக்கு ஏன் முடியாது என்று என் வீட்டுக்காரரிடம் இன்னும் கேட்டுக்கொண்டிருக்கிறேன். அமெரிக்காக்காரருக்குப் பொறுமையில்லை, பார்த்ததும் ஓட்டிக்கொண்டு போக வேண்டும் என்கிறார். இருக்கலாம்.

கடிதத்தைப் பிரசுரித்தால் என் பெயரைப் போட வேண்டாம். பழைய முதலாளி மாதம் ஒரு முறையாவது டைட்டில் சந்தேகம் கேட்டுப் போன் செய்கிறார். பிரிண்டர் விஷயத்தை நான் எழுதியது அவருக்குத் தெரிய வேண்டியதில்லை.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகி,
ஃபார்மிங்டன் ஹில்ஸ், மிச்சிகன்